சுட்ட கல் கட்சி

சமவெளிக் கட்சிக்கு இருபத்தைந்து வயதாகிறது, அதன் வரலாற்றை எழுதித் தர வேண்டும் என்று பார்ட் க்ளாசன் வந்து கேட்டபோது நான் வாசலில் பனி வாரிக்கொண்டிருந்தேன். க்ளாசன் கட்சித் தலைமை அலுவலகத்தின் இயக்குநர். நாற்பது வயது, மெல்லிய கோட்டு, பளபளவென்று தலைநகரத்து ஷூ. ஜனவரி மாதம் எங்கள் எல்ம்ஸ்டன் ஊரில் அந்த ஷூவோடு இறங்குகிற ஆளுக்கு ஓட்டுப் போடக் கூடாது என்பது என் கொள்கை. ஆனால் அவன் தேர்தலில் நிற்கிறவன் இல்லை, நிற்கிறவர்களை நிறுத்துகிறவன்.

"நூத்தம்பது பக்கம் போதும் மேடம். படம் நெறைய வரணும். படிக்கறவங்களுக்குப் பெருமையா இருக்கணும்," என்றான்.

"உண்மை எவ்வளவு வேணும்?"

"அளவா," என்றான். அவன் சிரிக்கவில்லை, கிண்டலும் செய்யவில்லை.

என் பெயர் கிளென்டா ஓஸ்ட்பி. முப்பது வருஷம் எங்கள் ஊர் வாரப் பத்திரிகையை நடத்தினேன். கட்சி பிறந்த அன்று அந்த இடத்தில் இருந்த ஒரே வெளியாள் நான்தான். அதனால் முதல் அத்தியாயத்தை என்னைத் தவிர வேறு யாராலும் எழுத முடியாது என்று கட்சிக்காரர்கள் நம்பினார்கள். அது எவ்வளவு சரி என்பது அவர்களுக்கே தெரியாது.

முதலில் கட்சியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். அதற்கு முன் எங்கள் மாகாணத்தில் வலது பக்கம் இரண்டு கட்சிகள் இருந்தன. ஒன்று பண்ணையாளர் கட்சி. அதன் பழைய மந்திரிகளில் பாதிப் பேர் கோர்ட்டுக்கு நடந்துகொண்டிருந்தார்கள். இன்னொன்று மாகாண ஐக்கியம். அதன் தொண்டர்கள் அத்தனை பேரும் ஒரு வேனில் அடங்குவார்கள், மடக்கு நாற்காலிக்கும் இடம் இருக்கும். ஓட்டு இரண்டாகப் பிரிந்ததில் இடதுசாரிகள் பன்னிரண்டு வருஷம் நோகாமல் ஆண்டார்கள். இப்படியே போனால் பேரன் காலத்திலும் எதிர்க்கட்சி வரிசையில்தான் உட்கார வேண்டும் என்று இரண்டு பக்கத்துக்கும் ஒரே நேரத்தில் புத்தி வந்தது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றெட்டு ஜனவரியில் பக்கத்துக்கு ஐந்து பேராகப் பத்துப் பேர் எல்ம்ஸ்டனில் கூடினார்கள். ஊர்ப் பொது மண்டபத்தில் அன்றைக்குக் கல்யாணம். ஆகவே பனித்தளத்தில் கல் வழுக்கி ஆடும் கர்லிங் கூடத்தின் மாடியறையில் கூடினார்கள்.

கொள்கை பதினைந்து நிமிஷத்தில் முடிந்தது.

"வரி குறையணும்," என்றார் ஒருவர். எல்லோரும் தலையாட்டினார்கள்.

"ரோடு போடணும்," என்றார் இன்னொருவர். அதற்கும் தலையாட்டினார்கள். இரண்டும் எப்படி ஒன்றாக நடக்கும் என்று கேட்கிற ஆட்களை அந்தக் கூட்டத்துக்குக் கூப்பிட்டிருக்கவில்லை.

"ஒட்டாவால இருக்கற மத்திய சர்க்கார்காரன் சொல்றத எல்லாம் கேக்கக் கூடாது."

"கேக்கக் கூடாது. ஆனா அனுப்பற பணத்தை வாங்கிக்கணும்."

நடுவலது என்று எழுதிக்கொள்ளச் சொன்னார்கள், எழுதிக்கொண்டேன். பிற்பாடு பழகிப் பார்த்ததில், தேர்தலுக்கு முந்தைய இரண்டு மாதம் நடு, மீதிக் காலம் வலது என்று புரிந்தது. கட்சி நிறம், எங்கள் பக்கத்து எண்ணெய் வித்துப் பயிரான கனோலாவின் பூ மஞ்சள். வயலில் அழகாக இருக்கும். என் பத்திரிகையில் அச்சானால் வேட்பாளருக்குக் காமாலை வந்தது போல இருக்கும்.

சண்டை தலைவர் யார் என்பதில் வந்தது. பண்ணையாளர் பக்கம் ஆர்வில் தோர்ஸ்நெஸ். டிராக்டர் விற்கிறவர், ஆறடி உயரம், பேசினால் பனியே உருகும், நிறுத்தினால்தான் அவர் ஒன்றுமே சொல்லவில்லை என்பது தெரியும். ஐக்கியத்தின் பக்கம் ஆம்ப்ரோஸ் லெனியுக். மாட்டு டாக்டர். குட்டை, கறார், ஒரு வாக்கியத்துக்கு நாலு வார்த்தை. ஓட்டெடுத்தார்கள்: ஐந்துக்கு ஐந்து. மறுபடி எடுத்தார்கள்: ஐந்துக்கு ஐந்து. மூன்றாம் தடவையும் அதே. வெளியே மைனஸ் முப்பத்தெட்டு. சாப்பிட வைத்திருந்த முட்டைக்கோஸ் சுருளும் தீர்ந்துவிட்டது. இனி பேசினால் கட்சி பிறக்கும் முன்பே உடையும் என்கிற நிலையில் ஆம்ப்ரோஸ் எழுந்தார்.

"கல்லு வீசுவோம்," என்றார். "ஆளுக்கு ஒண்ணு. பொத்தானுக்கு எது கிட்ட நிக்குதோ, அவர் தலைவர்."

யாரும் சிரிக்கவில்லை. எங்கள் ஊரில் பள்ளிக்கூடத்துக்குப் பெயர் வைத்ததே அப்படித்தான்.

கர்லிங் பார்க்காத பாவப்பட்டவர்கள் யாராவது இதைப் படித்தால் அவர்களுக்காகச் சொல்கிறேன். நூற்றைம்பது அடி நீளப் பனித்தளம். இந்த முனையிலிருந்து இருபது கிலோ கருங்கல்லை வழுக்கிவிட வேண்டும். அது அந்த முனையில் வரைந்த வளையத்தின் நடுப் பொத்தானில் நிற்க வேண்டும். கல் தளர்ந்து வந்தால் இரண்டு பேர் அதன் முன்னால் ஓடிக்கொண்டே துடைப்பத்தால் பனியைத் தேய்ப்பார்கள், கல் இன்னும் கொஞ்சம் போகும். தேய்க்கும்போது துடைப்பம் கல்லின் மேல் படக் கூடாது. பட்டால் அது சுட்ட கல். இந்த ஆட்டத்துக்கு நடுவர் கிடையாது. சுட்டவர் தானே வாயைத் திறந்து சொல்ல வேண்டும். சொன்ன பிறகு, கல் வளையத்துக்கு அருகில் வந்துவிட்டிருந்தால், அதை விடுவதா எடுப்பதா என்று எதிரணித் தலைவர் முடிவு செய்வார். எங்கள் ஊரில் பெண்டாட்டியிடம் பொய் சொல்கிறவன் உண்டு, வருமான வரிக்காரனிடம் சொல்லாதவனே இல்லை. ஆனால் கல்லைச் சுட்டுவிட்டுச் சும்மா இருந்தவன் என்று யாரையும் நான் கேள்விப்பட்டதில்லை.

ஆம்ப்ரோஸின் கல் முதலில் போனது. பொத்தானிலிருந்து ஒரு சாண் தள்ளி நின்றது. மாடியில் கண்ணாடிக்குப் பின்னால் நின்றவர்கள் விசிலடித்தார்கள்.

ஆர்வில் பக்கம் தேய்க்க அவருடைய மச்சான் லைல் வந்தார். மீதிப் பேரில் ஒருவருக்கு மூட்டு வலி, ஒருவருக்கு நெஞ்சு வலி, ஒருவருக்குத் தொப்பை.

"கிளென்டா, நீ வா. உன்ன மாதிரி தேய்க்க இந்த ஊர்ல ஆள் இல்ல," என்றார் ஆர்வில்.

"நான் பத்திரிகைக்காரி. பக்கம் சேரக் கூடாது."

"பத்திரிகைக்குக் கை இல்லயா? வா."

போனேன். ஆர்வில் வீசிய கல் தளர்வாக வந்தது. பாதி வழியிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது, வளையத்தைத் தொட்டால் அதிசயம். லைலும் நானும் உயிரை விட்டுத் தேய்த்தோம். வளையத்துக்கு இரண்டடி முன்னால் லைல் மூச்சு வாங்கிப் பின்தங்கிவிட்டார். நான் தனியாகத் தேய்த்தேன். அப்போது என் துடைப்பத்தின் ஓரம் கல்லில் பட்டது. சத்தம் இல்லை. கைப்பிடி வழியாக ஒரு சின்ன அதிர்வு வந்தது, அவ்வளவுதான். கல் மெதுவாகத் திரும்பிப் பொத்தானில் போய் உட்கார்ந்தது.

வாயைத் திறந்தேன். அதற்குள் லைல் என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். மாடியில் தரையை உதைக்கிற சத்தம். ஆர்வில் தளத்திலேயே வழுக்கிக்கொண்டு ஓடி வந்து என் தொப்பியைப் பிடுங்கி மேலே எறிந்தார். ஆம்ப்ரோஸ் அந்த முனையிலிருந்து நடந்து வந்து இரண்டு கல்லையும் பார்த்தார். கையுறையைக் கழற்றி ஆர்விலுக்குக் கை கொடுத்தார். நான் வாயை மூடிக்கொண்டேன்.

ஏன் சொல்லவில்லை? மறுபடி ஓட்டு, மறுபடி சண்டை, வெளியே குளிர் என்றெல்லாம் எனக்கே பல வருஷம் சமாதானம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அதெல்லாம் பிற்பாடு தேடிப் பிடித்தது. ஆர்விலை எனக்குப் பிடித்திருந்தது. அவர் ஜெயிக்க வேண்டும் என்று ஆசைப்பட்டேன்.

ஜெயித்தார், சும்மா சொல்லக் கூடாது. இரண்டாவது தேர்தலில் ஆட்சியைப் பிடித்துப் பன்னிரண்டு வருஷம் முதல்வராக இருந்தார். வரி கொஞ்சம் குறைந்தது. ரோடு நன்றாகவே போட்டார். ரோடு நன்றாகிவிட்டதால், ஜனங்கள் தூரத்து ஆஸ்பத்திரிக்குப் போய்க்கொள்ளலாம் என்று சொல்லி இரண்டாயிரத்து ஐந்தில் சின்ன ஊர்களின் ஆஸ்பத்திரிகள் நாற்பத்தொன்றை ஒரே நாளில் மூடினார். எல்ம்ஸ்டன் ஆஸ்பத்திரியும் அதில் போனது. விவசாய மந்திரியாக இருந்த ஆம்ப்ரோஸ் அன்று மாலையே ராஜினாமா செய்துவிட்டு மாட்டுக்கு ஊசி போடத் திரும்பிவிட்டார். நான் தலையங்கம் எழுதினேன். கடுமையான தலையங்கம். அதை எழுதும்போதுகூடக் கல்லைப் பற்றி நினைக்காமல் இருக்க என்னால் முடிந்தது.

ஆறு வருஷம் கழித்து ஆம்ப்ரோஸின் மனைவி சோஃபியா நூற்றுப்பத்து கிலோமீட்டர் தள்ளி நகரத்து ஆஸ்பத்திரியில் படுத்தாள். ஆம்ப்ரோஸ் தினமும் போய்வந்தார். பிப்ரவரியில் பனிப்புயல் வந்து மூன்று நாள் ரோட்டை மூடினார்கள். இரண்டாவது நாள் அவள் போய்விட்டாள். அந்தச் செய்தியையும் என் பத்திரிகையில்தான் போட்டேன். அன்றிலிருந்து எனக்கு நினைக்காமல் இருக்க முடியவில்லை.

இப்போது புத்தகம். 'ஆர்வில் வீசிய கல் பொத்தானில் போய் நின்றது' என்று எழுதினேன். அடித்தேன். வேறு மாதிரி எழுதினேன். அதையும் அடித்தேன். ஒரு வாரம் அந்த ஒரு வரியோடு மல்லுக்கட்டிவிட்டு, காலையில் வண்டியை எடுத்துக்கொண்டு ஆம்ப்ரோஸைப் பார்க்கக் கிளம்பினேன். அவர் இப்போது அதே நகரத்தில், அதே ஆஸ்பத்திரியை ஒட்டிய முதியோர் பிரிவில் இருந்தார். எண்பத்தொரு வயது. சக்கர நாற்காலி. நான் போனபோது டிவியில் கர்லிங் ஓடிக்கொண்டிருந்தது.

"வா கிளென்டா. ரோடு எப்படி இருக்கு?"

"நல்லா இருக்கு. உங்க கட்சி போட்டதாச்சே."

"என் கட்சி இல்ல அது. உக்காரு."

நான் உட்காரவில்லை. "ஆம்ப்ரோஸ், நான் ஒரு கல்லைச் சுட்டுட்டேன்."

"இந்த வயசுல இன்னும் ஆடுறியா நீ? எப்ப?"

"தொண்ணூத்தெட்டு ஜனவரி."

அவர் டிவியை அணைத்தார். பிறகு ஆட்டக் களத்தில் கேட்பது போலவே ஒவ்வொன்றாகக் கேட்டார்.

"துடைப்பமா, காலா?"

"துடைப்பம்."

"எந்த எடத்துல?"

"வளையத்துக்கு ரெண்டடி முன்னாடி."

"லைல் பாத்தானா?"

"இல்ல. அவருக்கு மூச்சு வாங்கிட்டு இருந்துச்சு. யாருமே பாக்கல."

"தொடாம இருந்தா எங்க நின்னுருக்கும்?"

"தெரியல. உங்க கல்லைவிடத் தள்ளி நின்னுருக்கலாம். இல்ல, அதே பொத்தான்லயே நின்னுருக்கலாம். சத்தியமா தெரியல."

"சரி," என்றார். "அப்ப முடிவு என்னோடது."

"உங்களோடதுதான்."

ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். எங்கள் ஊர்ப் பக்கத்தில் இப்படி யாராவது வந்து சொன்னால், நூற்றுக்குத் தொண்ணூறு பேர் 'விடு, போகட்டும்' என்பார்கள். அதுதான் மரியாதை. அதை நம்பித்தான் நான் வந்திருந்தேன். அவர் விடு என்பார், நான் கண்ணைத் துடைத்துக்கொள்வேன், அத்தியாயத்துக்கு நல்ல முடிவாகவும் இருக்கும் என்று வழியெல்லாம் கணக்குப் போட்டுக்கொண்டு வந்தேன்.

"நான் விட்டுருவேன்னு நெனச்சுக்கிட்டு வந்தியா?" என்றார்.

"ஆமா."

"சோஃபியா இங்கதான் போனா. அதோ, அந்த மூணாவது மாடி. நான் வீட்ல சமையக்கட்டுல ஃபோனைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். நர்ஸ் ஒருத்தி ஃபோனை அவ காதுகிட்ட வச்சா. என்ன பேசறதுன்னு தெரியாம கன்னுக்குட்டி எப்படி இருக்குன்னு சொல்லிக்கிட்டு இருந்தேன்." மூச்சு வாங்கிக்கொண்டார். "எடு. கல்லை எடு."

என் கையுறையைக் கழற்றிக் கையை நீட்டினேன். அவர் டிவியைப் போட்டுக்கொண்டார். வண்டியில் வந்து உட்கார்ந்தபோது எனக்கு முதலில் வந்தது அழுகை இல்லை, கோபம். வலிய வந்து உண்மையைச் சொன்னவளை இப்படியா நடத்துவது என்று ஐம்பது கிலோமீட்டர் வரைக்கும் திட்டிக்கொண்டே போனேன். அதற்கப்புறம் திட்ட ஆள் நான்தான் இருந்தேன்.

அத்தியாயத்தை உள்ளது உள்ளபடி எழுதினேன். கடைசியில் இருந்த தலைவர்கள் பட்டியலில் முதல் பெயரை ஆம்ப்ரோஸ் லெனியுக் என்று போட்டு க்ளாசனுக்கு அனுப்பினேன். மறுநாளே அதே ஷூவோடு வந்து நின்றான்.

"மேடம், இது வெளிய வந்தா எதிர்க்கட்சிக்காரன் நம்மளச் சுட்ட கட்சின்னு சொல்லுவான்."

"சுட்டதுதானே."

"நட்புரீதியான ஒரு விளையாட்டுப் போட்டின்னு போட்டுக்கலாமே. யார் ஜெயிச்சாங்கன்னு சொல்லவே வேணாம்."

"அப்ப கட்சிக்குத் தலைவர் எப்படி வந்தார்னு போடுவ?"

"ஒருமித்த கருத்தோட," என்றான். அந்த வேகத்தைப் பார்த்தால் இவன் ஒருநாள் மந்திரியாகவே ஆகிவிடுவான் என்று பட்டது. "இல்லன்னா ஒண்ணு செய்யலாம். தோர்ஸ்நெஸ் சார் இதுல கையெழுத்துப் போட்டுக் குடுத்தா நான் அச்சுக்கு அனுப்பறேன்." ஆர்வில் போட மாட்டார் என்று அவனுக்கு நம்பிக்கை. எனக்கும் அதே நம்பிக்கைதான்.

ஆர்விலின் டிராக்டர் கடையை இப்போது மகன் பார்க்கிறான். பின்னறையில் பழைய மேசை ஒன்று மட்டும் அவருக்கு. காகிதத்தைக் கொடுத்துவிட்டு நின்றேன். இருபத்தைந்து வருஷச் சிநேகிதம் இந்தப் பத்துப் பக்கத்தோடு தீர்ந்தது என்று நினைத்துக்கொண்டேன். விரலை வைத்து வரிவரியாகப் படித்தார். துடைப்பம் கல்லைத் தொட்ட இடம் வந்ததும் விரல் நின்றது.

"அன்னைக்கே ஏன் சொல்லல நீ?"

"உன்னைப் பிடிச்சிருந்துச்சு, ஆர்வில்."

"எனக்குத் தெரியாதே."

"ஊர்ல பாதிப் பேருக்குப் பிடிச்சிருந்துச்சு. நீதான் அதையெல்லாம் கொள்கைக்கு விழுந்த ஓட்டுன்னு நெனச்சுக்கிட்டே."

சிரிக்கப் பார்த்தார். வரவில்லை. "ஆம்ப்ரோஸ்கிட்ட சொன்னியா?"

"சொன்னேன்."

"என்ன சொன்னான்?"

"எடுக்கச் சொன்னார்."

பன்னிரண்டு வருஷத்தில் இந்த மனுஷன் எதையும் விட்டுக்கொடுத்து நான் பார்த்ததில்லை. தணிக்கை அறிக்கை வந்தால் தணிக்கையாளரை மாற்றுவார். அணை உடைந்தபோது மழையைக் குற்றம் சொன்னார். அன்றைக்குத் தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தார். பிறகு பேனாவை எடுத்துக் காகிதத்தின் ஓரத்தில் கையெழுத்துப் போட்டார்.

"அவன் எடுன்னா எடுத்ததுதான். அதுல பேச என்ன இருக்கு. வா, போவோம்."

"எங்க?"

"தோத்தவன் போய்க் கை குடுக்க வேணாமா?"

அவரே ஓட்டினார். வழியெல்லாம் பேசவில்லை. அவரோடு போன பயணங்களில் அப்படி நடந்தது அது ஒன்றுதான். ஆம்ப்ரோஸின் அறைக்குள் போனதும் கையுறையைக் கழற்றிக் கையை நீட்டினார். நான் கதவருகிலேயே நின்றுவிட்டேன்.

"நல்ல ஆட்டம், ஆம்ப்ரோஸ்."

ஆம்ப்ரோஸ் உடனே பிடித்துக்கொண்டார். "நீ நல்லாத்தான்யா வீசின. வேகந்தான் பத்தல."

"டிராக்டர் விக்கறவன். எனக்கு எல்லாமே மெதுவாத்தான் வரும்."

ஆர்வில் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். பேசாமல் இருக்கத் தெரியாதவர் ஆர்வில், அதனால் அவர்தான் பாதி வேடிக்கையாக ஆரம்பித்தார். "அப்ப நீங்கதான் தலைவர். சொல்லுங்க தலைவரே, என்ன செய்யணும்?"

நான் சிரித்துவிட்டேன். ஆம்ப்ரோஸ் சிரிக்கவில்லை.

"ரெண்டாயிரத்தஞ்சு, மார்ச்சு," என்றார். "மந்திரிசபைக் கூட்டம். மேசைல லிஸ்டு இருக்கு."

ஆர்விலின் முகம் மாறியது. "ஞாபகம் இருக்கு."

"பதினேழாவது பேரு எல்ம்ஸ்டன்."

"ஆமா."

"அதை அடி."

ஆர்வில் வாயைத் திறந்தார். என்ன வரப்போகிறது என்று எனக்குத் தெரியும். ஒரு படுக்கைக்கு ஆகும் செலவு, சின்ன ஊருக்கு வர மறுக்கும் நர்ஸுகள், காலத்தின் கட்டாயம். அந்தப் பேச்சை ஐம்பது மேடைகளில் கேட்டிருக்கிறேன். அது தொண்டை வரைக்கும் வந்ததைப் பார்த்தேன். ஆர்வில் வாயை மூடிக்கொண்டார்.

"அடிச்சாச்சு, தலைவரே," என்றார்.

ஆம்ப்ரோஸ் தலையாட்டினார். மெதுவாக நாற்காலியைத் திருப்பி, சன்னல் வழியாக எதிர்க் கட்டடத்தின் மூன்றாவது மாடியைப் பார்த்துக்கொண்டிருந்தார். தோள் குலுங்கியது. இத்தனை வருஷத்தில் அந்த மனுஷனை ஜெயித்தவராக நான் பார்த்தது அன்றைக்குத்தான். பார்க்க முடியாமல் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.